ஒரே வளைக்குள் உளுவையும் இறாலும்

மெல்பேர்ண்
25.03.2005, பெரிய வெள்ளி

அன்புள்ள கலாவுக்கு,

நான் சுகம். நீயும் மகள் சார்மெயினும் உன் அப்பாவும் வாகரையில் சுகமாக இருக்க வேண்டுமென்று இன்று கோயிலில் முழந்தாளில் நின்று கேட்டேன்.

சுனாமியில் மம்மி போய் மூன்று மாதம். உடல் கிடைக்கவில்லை என்று பங்குச் சுவாமி எழுதியிருந்தார். தம்பி பிரட்லியைக் கிரான் றோட்டில் சுட்டுப்போட்டு நீ கைம்பெண்ணான நாளிலிருந்து மம்மியை வைத்துப் பார்த்தவள் நீ. அந்தக் காலையிலும் மட்டக்களப்பு டச்பார் வீட்டில் அவரோடு இருந்தவள் நீதான். என்ன நடந்ததென்று நீ எழுதினால்தான் எனக்குத் தெரியும். மெதுவாக எழுது. அவசரமில்லை.

இன்னொரு விஷயம். நான் வேலை செய்யும் இடத்தில் சொந்தமாக ஒரு நாலு நிமிடச் சித்திரப்படம் செய்ய விட்டிருக்கிறார்கள். கடலடியில் ஒரு மீனும் ஓர் இறாலும் ஒரே வளையில் சீவிக்கும் என்று புத்தகமொன்றில் படித்தேன். இரண்டும் வேறு வேறு சாதி உயிர்கள், ஆனால் ஒன்றில்லாமல் மற்றது இல்லை. அதைத்தான் கீறப்போகிறேன். நீ கடல்காரரின் மகள். அப்பாவிடம் கேட்டு, அவை எப்படி இருக்கும், என்ன செய்யும் என்று எழுதுவாயா?

மகளுக்கு என் முத்தங்கள்.

ஜிலியன்


வாகரை
02.05.2005

அன்பின் மச்சாளுக்கு,

இங்கு நாங்கள் மூவரும் சுகம். உங்கள் சுகமும் அப்படியே இருக்க வேண்டும்.

அன்று மாமி பூசைக்குப் போவதற்காகப் பச்சைச் சட்டைக்கு இஸ்திரிக்கை போட்டுக்கொண்டிருந்தார். நான் மகளுக்குச் சீப்பால் தலை இழுத்துக்கொண்டிருந்தேன். முதலில் கடல் பக்கத்தால் தண்ணீர் வந்தது, பிறகு வாவி பக்கத்தாலும் வந்தது. மகளைக் கழுத்தில் ஏற்றினேன். மாமி பக்கத்தில்தான் நின்றார். பிறகு கை விட்டுப்போயிற்று. அதற்கு மேல் எழுத வரவில்லை, மச்சாள்.

மீனைப் பற்றி அப்பாவிடம் கேட்டேன். பனிச்சங்கேணிப் பக்கம் தெளிந்த தண்ணீரில் கண்டிருக்கிறாராம். உளுவை மீனில் ஒரு சின்னச் சாதி அது. இறாலுக்குக் கண் சரியாகத் தெரியாது, ஆனால் பகல் முழுதும் மண்ணைத் தள்ளி வளை தோண்டும். உளுவை வாசலில் காவல் நிற்கும். வெளியே வந்தால் இறால் தன் மீசையை உளுவையின் மேல் வைத்தபடியே நிற்கும். உளுவை வாலை ஒரு தரம் ஆட்டினால் ஆபத்து என்று அர்த்தம். இறாலுக்கு ஒரு கொடுக்கு மட்டும் பெரிது. அதை மடக்கி அடித்தால் சீனவெடி போலச் சத்தம் வரும். எதிரே நிற்கும் நண்டுக்குஞ்சு மல்லாந்து விழுந்துவிடும்.

"அது சுட்டா ரெத்தம் வருமாம்மா?" என்று சார்மெயின் கேட்டாள். "வராது மனே, நண்டுக்கு எங்க ரெத்தம்" என்று அப்பா சொன்னார். அவள் நம்பவில்லை.

உங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

கலா


மெல்பேர்ண்
16.10.2005

அன்புள்ள கலா,

சுகமா? எனக்குக் குனிந்திருந்து கீறிக் கீறி முதுகு பிடித்துவிட்டது. மற்றப்படி குறை இல்லை.

ஆயிரத்து நூறு படம் கீறி முடிந்துவிட்டது. கதையைச் சொல்கிறேன். உளுவையும் இறாலும் சண்டை பிடிக்கும், கோபிக்கும், பிறகு சேரும். அப்போது பேரலை ஒன்று வரும். வளை இடிந்து, உளுவை இழுபட்டுப் போகும். அந்தக் கண் தெரியாத இறால் தன் மீசையை விடாது. இரண்டும் கரையில் வந்து விழும், உயிரோடு. கடைசியில் "மம்மிக்கும் கலாவுக்கும்" என்று எழுத்துப் போடப்போகிறேன்.

உன் கடிதத்தைப் பல தரம் படித்தேன். "கை விட்டுப்போயிற்று" என்று எழுதியிருந்தாய். நீ மம்மியின் கையைப் பிடித்திருந்தாயா? எவ்வளவு நேரம்? மம்மி ஏதும் பேசினாரா? தாயின் கடைசி நிமிடத்தைக் கேட்பது குற்றமில்லைதானே.

பதில் எழுது. மகளின் படம் ஒன்று அனுப்பு.

ஜிலியன்


வாகரை
21.01.2006

அன்பின் மச்சாளுக்கு,

நாங்கள் இருக்கிறோம். பொங்கலுக்குப் பானை வைத்தோம், ஆனால் மனம் இல்லை. அன்று காலைதான் சந்தியில் இரண்டு பொடியன்களைச் சுட்டுப் போட்டிருந்தார்கள். ஒருவனின் கை மற்றவனின் கையோடு கம்பியால் கட்டியிருந்தது. தாய்மார் வரும்வரை நாய் கிட்டப் போகாமல் அப்பா தடியோடு நின்றார்.

படத்தில் என் பெயரைப் போட வேண்டாம். இதைக் கும்பிட்டுக் கேட்கிறேன்.

நீங்கள் எழுதிய கதை பிழை. அப்பாவோடு தோணியில் போய், முகத்தைத் தண்ணீரில் வைத்துப் படுத்து, நானே பார்த்தேன். ஒரு பெரிய கலவாய் மீன் வந்தது. உளுவை வாலை ஆட்டியது, ஆட்டிய கையோடு தலைகீழாக வளைக்குள் பாய்ந்தது. இறால் பாதி வெளியே நின்றது. கலவாய் அதைக் கவ்விக்கொண்டு போய்விட்டது. அடுத்த நாளும் போனேன். உளுவை தனியே வாசலில் நின்றது. மண் தள்ள ஆள் இல்லாமல் வளை பாதி தூர்ந்திருந்தது. அது அப்படித்தான், மச்சாள். யாரும் யாருக்காகவும் வெளியே நிற்பதில்லை. உள்ளதைக் கீறுங்கள்.

சார்மெயினுக்கு இன்னும் தண்ணீர் என்றால் பயம். தலையில் வார்த்தால் காலால் உதைக்கிறாள். அவளின் படம் எடுக்க இங்கே ஆள் இல்லை.

முதுகுக்கு நல்லெண்ணெய் பூசுங்கள்.

கலா


மெல்பேர்ண்
19.08.2006

அன்புள்ள கலா,

உன் கலவாய் மேல் எனக்குக் கோபம் வந்தது. அதனால்தான் இத்தனை மாதம் எழுதவில்லை. நான்கு நிமிடம் கண் திறந்து பார்க்க வருகிறவர்களுக்கு அதையா காட்டுவது? என் கதையை மாற்றவில்லை. படம் முடிந்துவிட்டது. நவம்பரில் ஒரு மண்டபத்தில் திரையிடுகிறார்கள்.

மணிக்கு மணி செய்தி கேட்கிறேன். வாகரைப் பக்கம் ஷெல் அடிக்கிறார்கள், சனம் ஓடுகிறது என்கிறார்கள். அப்பாவையும் மகளையும் கூட்டிக்கொண்டு எப்படியாவது மட்டக்களப்பு டவுனுக்கு வந்துவிடு. சுவாமியின் வீட்டில் இடம் கேட்டு எழுதியிருக்கிறேன். மம்மியைப் பறிகொடுத்தது போதும். பிள்ளையின் கையை மட்டும் விட்டுவிடாதே.

உனக்காகச் செபிக்கிறேன்.

ஜிலியன்


வாகரைப் பக்கம், ஓர் அகதி முகாம்
03.12.2006

அன்பின் மச்சாளுக்கு,

நீங்கள் சுகமாக இருக்க வேண்டும். உதவிக்கு வந்த ஒரு சிஸ்டரிடம் இதைக் கொடுக்கிறேன்.

சார்மெயின் செத்துப்போனாள்.

நாங்கள் ஒதுங்கியிருந்த பள்ளிக்கூடத்தில் ஷெல் விழுந்தது. யார் அடித்தது என்று எழுதமாட்டேன். இந்தக் கடிதம் எத்தனை கைகளுக்குள்ளால் வருமோ தெரியாது. பகல் பதினொரு மணி. நான் அரிசி களைந்துகொண்டிருந்தேன். அவள் வேப்பமரத்தடியில் மற்றப் பிள்ளைகளோடு நின்றாள். முதலாவது பின்பக்கம் விழுந்தது. "படு புள்ள! நிலத்தில படு!" என்று கத்தினேன். அவள் படுக்கவில்லை. என்னிடம் ஓடிவந்தாள். பத்து அடி இருக்கும்போது இரண்டாவது விழுந்தது.

வயிறு திறந்திருந்தது. உள்ளே இருந்தது வெளியே வராமல் என் இரண்டு கையாலும் பொத்திப் பிடித்தேன். அப்பா எங்களை உழவு இயந்திரப் பெட்டியில் ஏற்றினார். அதில் கால் இல்லாத ஒருவர் கத்திக்கொண்டே வந்தார். பிறகு கத்தவில்லை. "தண்ணி தாங்கம்மா" என்று மகள் மூன்று தரம் கேட்டாள். வயிற்றுக் காயத்துக்குத் தண்ணீர் கொடுக்கக் கூடாது என்று யாரோ சொன்னார்கள். நான் கொடுக்கவில்லை. ஆஸ்பத்திரிக்குப் போகும் முன்னமே முடிந்துவிட்டது. கொடுத்திருக்கலாம்.

இனி நான் யாருக்காக மறைக்க வேண்டும், மச்சாள்? நீங்கள் கேட்டுக்கொண்டே இருந்தீர்கள். நான் மாமியின் கையைப் பிடித்திருக்கவில்லை. மாமிதான் என்னைப் பிடித்தார். மகளைக் கழுத்தில் வைத்துக்கொண்டு நான் நீந்தினேன். மாமிக்கு நீச்சல் தெரியாது. முதலில் என் தலைமயிரைப் பிடித்தார், பிறகு இடுப்பை, பிறகு தொடையை. நகம் இறங்கியது, அந்தத் தழும்பு இன்னும் இருக்கிறது. மூன்று பேரும் கீழே போனோம். மகளின் தலை தண்ணீருக்குள் போய்விட்டது. நான் உதைத்தேன். தோளில் உதைத்தேன், விடவில்லை. முகத்தில் உதைத்தேன். குதிக்காலுக்குக் கீழே ஏதோ முறிவது தெரிந்தது. மறுகாவும் உதைத்தேன். கை கழன்றது. ஒரு பனங்குற்றி மிதந்து வந்தது, அதைப் பிடித்தோம்.

இந்தப் பிள்ளைக்காகத்தான் உதைத்தேன். இந்தப் பிள்ளைதான் இப்போது இல்லை.

கலா


மெல்பேர்ண்
11.02.2007

கலாஜினி,

உன் கடிதம் நேற்றுத்தான் வந்தது. முதல் பக்கத்தைப் படித்து, பிரட்லியின் பிள்ளைக்காகச் சத்தம் போட்டு அழுதேன். பிறகு மற்றப் பக்கத்தைத் திருப்பினேன்.

நீ கொலைகாரி. வேறு சொல் எனக்குத் தெரியாது. உன்னை மகளாக வைத்துச் சோறு போட்ட மனிசியின் முகத்தில் உதைத்தாய். ஒரு தரம் இல்லை, திரும்பவும். பிறகு இரண்டு வருடமாக "உங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்" என்று எனக்கு எழுதினாய். நவம்பரில் நான் மேடையில் ஏறி, என் தாயைக் கடைசிவரை பிடித்திருந்த மருமகள் ஒருத்தி இருக்கிறாள் என்று சொன்னேன். இருநூறு பேர் எழும்பிக் கைதட்டினார்கள்.

நீயும் அன்றைக்கே தண்ணீரில் தாண்டு செத்திருக்கலாம். எனக்கு எழுதாதே.

ஜிலியன்


கிரான் பக்கம், அகதி முகாம்
08.07.2007

அன்பின் மச்சாளுக்கு,

உங்களுக்கு எந்த நோயும் வரக்கூடாது.

எழுதாதே என்றீர்கள். ஒன்றை மட்டும் எழுதாமல் இருக்க முடியவில்லை. நீங்கள் சொன்னதில் பிழை இல்லை, அதற்கு நான் பதில் எழுதவில்லை.

மாமியின் உடல் கிடைத்தது. மூன்றாம் நாள் நான்தான் கண்டேன், வாவிக்கரைக் கண்டல் மரத்துக்குள். பச்சைச் சட்டையையும் மோதிரத்தையும் வைத்துத்தான் அடையாளம் தெரிந்தது. முகம் ஊதியிருந்தது. தாடை ஒரு பக்கம் விலகியிருந்தது. ஆட்கள் உடல்களை உழவு இயந்திரப் பெட்டியில் ஏற்றிக்கொண்டு வந்தார்கள். தாடையை யாரும் பார்த்துவிடுவார்கள் என்று பயந்தேன். கதவுப் பலகையில் வைத்து, இழுத்துக்கொண்டு போய், எங்கள் வீடு இருந்த இடத்தில் கிணற்றுக்குத் தெற்கே பத்து அடியில் நானே தாட்டேன். கையாலும் ஒரு தகரத்தாலும் குழி தோண்டினேன். உங்கள் வேதத்தின் செபம் எனக்கு முழுதாகத் தெரியாது. மாமி சொல்லிக் கேட்ட அளவில் சொன்னேன். மோதிரம் விரலிலேயே இருக்கிறது.

சுவாமியிடம் பொய் சொன்னது நான். அவரைக் கோபிக்க வேண்டாம்.

இங்கே வரும் வழியில் அப்பாவைச் சோதனைச் சாவடியில் துவக்குப் பிடியால் அடித்தார்கள். நெஞ்செலும்பு வெடித்திருக்கிறது. இருமினால் அழுகிறார். நான் சாகவில்லை.

கலாஜினி


மெல்பேர்ண்
07.06.2009

அன்புள்ள கலா,

நீ உயிரோடு இருக்கிறாயா என்று தெரியாமல் எழுதுகிறேன். வாகரைக்குத் திரும்பிவிட்டீர்கள் என்று சுவாமி சொன்ன விலாசத்துக்குப் போடுகிறேன். சண்டை முடிந்துவிட்டது என்று இங்கே தொலைக்காட்சியில் காட்டினார்கள். கடற்கரையில் சனம் கிடந்ததையும் காட்டினார்கள். அதில் உன்னைத் தேடினேன். நீ அங்கே இல்லை என்று தெரிந்தும் தேடினேன்.

இரண்டு வருடம் உனக்கு எழுதவில்லை. ஏன் என்று சொல்கிறேன். கோபம் ஆறு மாதம்தான் இருந்தது. மிச்சம் வெட்கம்.

எனக்கு ஒன்பது வயதில், வாவியில் எங்கள் தோணி கவிழ்ந்தது. மம்மி என்னைப் பிடித்தார். பிடித்து, என் தோளில் ஏறி, என்னை உள்ளே அமுக்கினார். அவர் அறிந்து செய்யவில்லை. என் வாய்க்குள் போன சேற்றின் ருசி இன்னும் நாக்கில் இருக்கிறது. எங்கள் அப்பா, டடா, "விடு கிளாடிஸ், புள்ளய விடு!" என்று கத்தினார். மம்மி விடவில்லை. டடா துடுப்பால் அவர் கையில் அடித்தார். இரண்டு விரல் முறிந்த பிறகுதான் நான் மேலே வந்தேன். மம்மியின் சுண்டுவிரல் வளைந்திருந்ததை நீ கண்டிருப்பாய். கதவு நெரித்தது என்று எல்லாருக்கும் சொன்னோம். வீட்டுக்குள்ளும் அதைப் பிறகு பேசியதில்லை.

நீ எழுதியதைப் படித்த அன்றே எனக்கு அந்தத் துடுப்பு ஞாபகம் வந்தது. வந்தும்தான் உன்னைக் கொலைகாரி என்று எழுதினேன். டடாவை நான் ஒரு நாளும் அப்படிச் சொன்னதில்லை.

படத்தின் முடிவை வெட்டி எறிந்துவிட்டேன். நீ கண்டதைக் கீறினேன். உளுவை தலைகீழாகப் பாய்கிறது. இறால் வெளியே நிற்கிறது. பிறகு வளை தூர்ந்துபோகிறது. இப்போது யாரும் கைதட்டுவதில்லை.

டிசம்பரில் வருகிறேன். மம்மியைக் கோயில் சேமக்காலைக்குக் கொண்டுபோய் முறைப்படி அடக்கம் செய்ய வேண்டும். இடத்தை நீதான் காட்ட வேண்டும். காட்டுவாயா?

அப்பாவின் நெஞ்சு நோவு எப்படி?

ஜிலியன்


மெல்பேர்ண்
10.01.2010

அன்புள்ள கலா,

சுகமாக வந்து சேர்ந்தேன். முழங்கால் நோவு மட்டும் கூடியிருக்கிறது. டச்பார் மண்ணில் அவ்வளவு நேரம் குந்தியிருந்ததால் வந்த வினை.

உன் அப்பா படத்தைப் பார்த்துவிட்டு, "றால் இவ்வளவு பெருசாகா? இத வச்சு ஒரு குடும்பம் சாப்பிடலாமே" என்று சொன்னதை இங்கே எல்லாருக்கும் சொல்லிச் சிரிக்கிறேன். நீ மண்ணின் நிறம் சரியில்லை என்று மட்டும் சொன்னாய். திருத்திவிட்டேன்.

அங்கே வைத்துக் கேட்க முடியாத ஒன்றை இங்கிருந்து கேட்கிறேன். மம்மியை மண்ணிலிருந்து எடுக்கும்போது தாடையைக் கண்டேன். நான் கண்டதை நீயும் கண்டாய். நீ முகத்தைத் திருப்பவில்லை. குழிவெட்ட வந்தவர் "நான் தூக்கிறன், நீங்க ரெண்டு பேரும் தள்ளி நில்லுங்க" என்றார். "வேண்டாம், நாங்க தூக்குறம்" என்று நீ சொன்னாய். துணியின் ஒரு பக்கத்தை நீ பிடித்தாய், மற்றப் பக்கத்தை நான் பிடித்தேன். மகளின் பெயரையும் மம்மியின் கல்லறைக் கல்லில் வெட்டும்படி நான் சொன்னபோது மட்டும் நீ அழுதாய்.

கல்லைப் பற்றிப் பேசினோம், பஸ்ஸைப் பற்றிப் பேசினோம், பன்னிரண்டு நாள் இதை மட்டும் பேசவில்லை. கேட்கிறேன். மம்மி கடைசியில் ஏதும் சொன்னாரா? எதுவாக இருந்தாலும் எழுது. நான் தாங்குவேன்.

ஜிலியன்


வாகரை
23.02.2010

அன்பின் மச்சாளுக்கு,

நாங்கள் நலம். மழை இந்த முறை நல்லாகப் பெய்தது. உங்கள் கடிதம் வந்து இருபது நாள். பதில் எழுத உட்கார்ந்து உட்கார்ந்து எழும்பினேன்.

மாமி ஒன்றும் சொல்லவில்லை. வாய் நிறையத் தண்ணீர். பேசியது நான்தான். "விடுங்க மாமி, புள்ள சாகப்போகுது!" என்று கத்தினேன். தண்ணீருக்கு மேலே தலை இருந்த ஒரு கணத்தில் கத்தினேன். அவருக்குக் கேட்டது. கண் திறந்திருந்தது, என்னைப் பார்த்தார், பிறகு என் கழுத்தில் இருந்த பிள்ளையைப் பார்த்தார். அதன் பிறகுதான் அந்தக் கடைசி உதை. அதோடு கை கழன்றது.

என் காலால் கழன்றதா, மாமியாக விட்டாரா என்று எனக்குத் தெரியாது. ஐந்து வருடமாக அந்த ஒரு கணத்தைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறேன். ஒரு நாள் அப்படித் தெரியும், ஒரு நாள் இப்படித் தெரியும். "மாமியாகத்தான் கையை விட்டார்" என்று எழுதினால் உங்களுக்கு நித்திரை வரும். எனக்கும் வரும். அப்படி இரண்டு கடிதம் எழுதி முடித்து, உறையிலும் போட்டேன். பிறகு எடுத்துக் கிழித்தேன். தெரியாததைத் தெரிந்ததாக உங்களுக்கு எழுத இனி என்னால் ஏலாது.

மற்றது எல்லாம் எழுதிவிட்டேன். என்னிடம் வேறொன்றும் இல்லை.

அப்பாவுக்கு இருமல் குறைவு. உங்கள் முழங்கால் எப்படி இருக்கிறது? சேமக்காலைக் கல்லில் எழுத்து வெட்டி முடிந்துவிட்டது. சார்மெயினின் பெயரில் ஓர் எழுத்தைப் பிழையாக வெட்டியிருந்தார்கள். நான் பக்கத்தில் நின்று திருத்துவித்தேன்.

கலா